ராஜா சர் அண்ணாமலைச் செட்டியார்: வள்ளல் சரி, அரசியல்வாதி?

பேரேடு (இழையைத் தொடங்கியவர்)

கானாடுகாத்தான் அரண்மனை முன்னால் நின்று எடுத்த படங்கள் அடிக்கடி இங்கே வருகின்றன. கீழே எல்லோரும் "வள்ளல்" என்று எழுதிக் கும்பிட்டுவிட்டுப் போகிறார்கள். அதில் எனக்குச் சண்டை இல்லை. தமிழிசைக்கு அவர் செய்ததும் தெரிந்த விஷயம், அதை ஓரமாக வைக்கிறேன். ஆனால் அந்த அரண்மனைக்காரர் அண்ணாமலைச் செட்டியார் கால்வாசி ஆயுளை அரசியலில் கழித்தவர். அதைப் பற்றி யாரும் வாய் திறப்பதில்லை.

1881-ல் கானாடுகாத்தானில் பிறந்தவர். எஸ்.ஆர்.எம்.எம். விலாசம் (கடைப் பெயர்), பர்மாவிலும் இலங்கையிலும் மலேயாவிலும் கொடுக்கல் வாங்கல். 1916-ல் சென்னைச் சட்டசபை. 1920-க்குப் பிறகு டில்லி மேல்சபையான கவுன்சில் ஆஃப் ஸ்டேட். 1923-ல் சர் பட்டம், 1929-ல் பரம்பரை ராஜா பட்டம். நடுவில் இம்பீரியல் பேங்கின் கவர்னர்களில் ஒருவராகவும் இருந்தார்.

என் வாதம் இதுதான். அவர் செய்த மிகப்பெரிய அரசியல் வேலை 1928-ல் நிறைவேறிய அண்ணாமலைப் பல்கலைக்கழகச் சட்டம். அவர் கொடுத்தது 20 லட்சம் ரூபாய், அதோடு சிதம்பரத்தில் ஏற்கெனவே நடத்திக்கொண்டிருந்த கல்லூரிகள். பதிலுக்கு எழுதி வாங்கியதைப் பாருங்கள். நிறுவியவர் இணைவேந்தர், அவருக்குப் பின் அவர் வாரிசு இணைவேந்தர். துணைவேந்தரை நியமிப்பது வேந்தராகிய கவர்னர்தான், ஆனால் இணைவேந்தர் எழுதிக் கொடுக்கும் மூன்று பெயரில் இருந்துதான். இதற்கு மேல் அரசாங்கமும் பணம் போட வேண்டும். மனசு இளகித் தருமம் செய்கிறவர் இப்படிப் பத்திரம் எழுதமாட்டார். கடன் கொடுத்து வசூல் பண்ணிப் பழகியவர்தான் எழுதுவார். குறையாகச் சொல்லவில்லை, வியப்பாகத்தான் சொல்கிறேன்.

மற்றவர்கள் சொல்லுங்கள்.

---

தேவகோட்டை ரஸ்தா

அண்ணே, சட்டம் பற்றிச் சொன்னது சரி. ஆனால் கவுன்சில் ஆஃப் ஸ்டேட்டில் உட்கார்ந்ததை அரசியல் என்று கணக்கில் சேர்க்காதீர்கள். 1920-ல் அந்தச் சபைக்கு இந்தியா முழுக்கச் சேர்த்தே சுமார் 17,000 பேருக்குத்தான் ஓட்டு இருந்தது. இன்றைக்கு ஒரு பேரூராட்சித் தேர்தலில் அதைவிட அதிகம் பேர் வரிசையில் நிற்கிறார்கள். வரி கட்டுகிற பெரிய மனுஷர்கள் இன்னொரு பெரிய மனுஷரைத் தேர்ந்தெடுத்து அனுப்பினார்கள், அவ்வளவுதான்.

1942 ஆகஸ்டில் தேவகோட்டையில் கோர்ட்டு எரிந்தது. துப்பாக்கிச் சூட்டில் ஆட்கள் செத்தார்கள். திருவாடானைச் சிறையில் வைத்திருந்த காங்கிரஸ்காரர் சின்ன அண்ணாமலையை ஜனங்கள் திரண்டு போய் வெளியே கொண்டுவந்தார்கள். அவரும் நகரத்தார் (நாட்டுக்கோட்டைச் செட்டியார்) வீட்டுப் பிள்ளைதான். அரசியல் என்று பேசினால் நான் அங்கே இருந்துதான் ஆரம்பிப்பேன்.

---

கொத்தமங்கலத்தான்

ரஸ்தா தம்பி, கொஞ்சம் பொறு. ஜெயிலுக்குப் போவதும் அரசியல்தான், போகாமல் காரியம் முடிப்பதும் அரசியல்தான். கொண்டுவிக்க, அதாவது கடல் கடந்து தொழில் செய்யப் போனவர்களுக்கு ஏன் சட்டசபை தேவைப்பட்டது என்று முதலில் பார்ப்போம். எங்கள் ஐயா ரங்கூனில் பெட்டியடிப் பையனாக (கடை எடுபிடியாக) போய், அடுத்தாளாகி (ஏஜெண்டுக்கு உதவியாளாகி), கடைசியில் ஏஜெண்டாக இருந்தவர். அவர் சொல்லிக் கேட்டதையும் பின்னால் படித்ததையும் சேர்த்து எழுதுகிறேன்.

முதலாளி ஊரில் இருப்பார். கடை ரங்கூன் மொகல் தெருவிலோ ஐராவதிக் கரையில் நெல் விளையும் ஏதாவது ஒரு ஊரிலோ இருக்கும். ஏஜெண்டு மூன்று வருஷக் கணக்குக்குப் போவார், திரும்பி வந்து பேரேட்டை ஒப்படைப்பார், அடுத்தவர் கிளம்புவார். நடப்பு வட்டி எவ்வளவு என்பதை மாதாமாதம் தண்டாயுதபாணி கோயிலில் கூடித் தீர்மானிப்பார்கள். அந்த வட்டிக்குத்தான் கடைக்குக் கடை பணம் கைமாறும். எல்லாமே வாய்வார்த்தையும் விலாசமும். போலீசும் வேண்டாம், வக்கீலும் வேண்டாம். நமக்குள் இருக்கும்வரை எல்லாம் ஒழுங்காக ஓடியது.

வெளியே கொடுத்த கடன் அப்படி இல்லை. அது முழுக்க முழுக்க வெள்ளைக்காரன் கோர்ட்டையும் பதிவுச் சட்டத்தையும் நம்பி நின்றது. 1930 வாக்கில் பர்மாவில் மட்டும் 1,650 செட்டியார் கடைகள், 75 கோடி ரூபாய் புழக்கம் என்று பர்மா வங்கி விசாரணைக் குழு கணக்குச் சொன்னது. அந்த நேரம் பார்த்து நெல் விலை விழுந்தது. கடன் வாங்கிய விவசாயியால் கட்ட முடியவில்லை, நிலம் கடைக்கு வந்தது. கீழ்ப் பர்மாவின் முக்கியமான 13 நெல் மாவட்டங்களில் 1930-ல் செட்டியார்கள் கையில் இருந்தது நூற்றுக்கு 6 பங்கு நிலம். 1937-ல் நூற்றுக்கு 25. நிலம் சேர்க்கணும் என்று யாரும் கப்பல் ஏறவில்லை, ரொக்கம்தான் வேண்டும். ஆனால் உழுதவன் கண்ணில் அது எப்படிப் பட்டிருக்கும் என்று சொல்லவா வேண்டும்? 1937-ல் பர்மாவை இந்தியாவில் இருந்தே தனியாகப் பிரித்துவிட்டார்கள்.

இவ்வளவு பணத்தை இன்னொருத்தன் சட்டத்துக்குக் கீழே வைத்திருக்கிறவன், சட்டம் செய்கிற இடத்தில் ஒரு நாற்காலி தேடுவானா மாட்டானா? அண்ணாமலைச் செட்டியார் மட்டும் இல்லை, சமூகமே தேடியது. 1919 சீர்திருத்தத்துக்குப் பிறகு சென்னைச் சட்டசபையில் வர்த்தகத்துக்கென்று ஒதுக்கிய இடங்களில் ஒன்று நாட்டுக்கோட்டை நகரத்தார் சங்கத்துக்கே தனியாகக் கிடைத்தது. வெள்ளைக்காரர்களின் சென்னை வர்த்தக சபை, தோட்ட முதலாளிகள், அந்த வரிசையில் நாமும்.

இதற்கு முன்னோட்டம் 1906. ஆர்பத்நாட் கம்பெனி திவாலாகிச் சென்னையில் ஏகப்பட்ட குடும்பங்களின் பணம் போனது. அடுத்த வருஷமே வி. கிருஷ்ணசாமி ஐயர் முன்னின்று இந்தியன் பேங்க் தொடங்கினார். முதல் இயக்குநர்களில் ஒருவர் அண்ணாமலைச் செட்டியாரின் அண்ணன் ராமசாமிச் செட்டியார். பொது விஷயத்துக்குள் அந்தக் குடும்பம் வந்த வழி அதுதான் என்பது என் எண்ணம்.

---

சிதம்பரத்தில் படித்தவன்

நான் நகரத்தார் இல்லை, கடலூர்ப் பக்கம். ஆனால் அந்தச் சட்டத்தின் நிழலில் படித்தவன் என்பதால் பேச உரிமை உண்டு 🙂

பேரேடு சொல்கிற அந்தப் பத்திரம் 2013 வரைக்கும் செல்லுபடி ஆனது. அந்த வருஷம்தான் தமிழக அரசு புதுச் சட்டம் போட்டு நிர்வாகத்தை எடுத்துக்கொண்டது. யோசித்துப் பாருங்கள்: நீதிக்கட்சி போனது, ராஜாஜி வந்தார், காமராஜர் வந்தார், திமுக, அதிமுக எல்லாம் மாறி மாறி வந்தன. ஜமீன் ஒழிந்தது, மன்னர் மானியம் ஒழிந்தது. இணைவேந்தர் நாற்காலி மட்டும் தந்தை, மகன், பேரன் என்று நகர்ந்துகொண்டே இருந்தது. வள்ளல் பட்டத்தைவிட இதற்குத்தான் அவரைப் பாராட்டணும், அல்லது திட்டணும். உங்கள் இஷ்டம்.

ஒன்று மட்டும் சொல்வேன். துணைவேந்தராகக் கொண்டுவந்தவர்கள் சாதாரண ஆட்கள் இல்லை. சீனிவாச சாஸ்திரி 1935-ல் வந்தார். அதற்கு முன்பே, பல்கலைக்கழகம் ஆகாத காலத்தில், மீனாட்சி தமிழ்க் கல்லூரிக்கு உ.வே.சா. முதல்வராக இருந்தார், 1924 முதல் 1927 வரை. யாரை உட்கார வைத்தால் யாரும் கேள்வி கேட்கமாட்டார்கள் என்று தெரிந்து ஆள் பிடித்திருக்கிறார்.

---

ஆத்தங்குடி ஆச்சி

எல்லாரும் டில்லி, ரங்கூன், சிதம்பரம் என்று போய்விட்டீர்கள். நம்ம பக்கத்தில் அப்போது என்ன நடந்தது?

1930 டிசம்பரில் ராமநாதபுரம் ஜில்லாவில் ஆதிதிராவிடர்களுக்கு எட்டுத் தடைகள் போட்டார்கள். பொன், வெள்ளி நகை போடக்கூடாது, ஆண்கள் இடுப்புக்கு மேலேயும் முழங்காலுக்குக் கீழேயும் துணி உடுத்தக்கூடாது என்கிற மாதிரி. மீறினவர்கள் வீடு எரிந்தது. இது நம்ம வளவு வீடுகளில் (முற்றம் வைத்த செட்டிநாட்டு வீடுகளில்) இருந்து கூப்பிடு தூரத்தில் நடந்தது. ராஜா பட்டம் கிடைத்து ஒரு வருஷம் ஆகியிருந்த நேரம். டில்லி மேல்சபையில் இருந்தவருக்கு இது அரசியலாகத் தெரிந்ததா?

இன்னொன்று. 1927 செப்டம்பரில் காந்தி செட்டிநாட்டுக்கு வந்தார். கதருக்குப் பணம் கொடுத்தார்கள், வாங்கிக்கொண்டார். அதோடு விடவில்லை. நம்ம வீடுகளில் அடைந்து கிடந்த சீமைச் சாமான்களைப் பார்த்துவிட்டு மேடையிலேயே நன்றாகக் கேலி செய்துவிட்டுப் போனார். வீட்டை அலங்கரிக்கிற வேலையை என்னிடம் கொடுத்தால் பத்தில் ஒரு பங்கு செலவில் முடித்து, காற்றும் வரச் செய்கிறேன் என்கிற தோரணையில். பெல்ஜியம் கண்ணாடிக்குத் தூசி தட்டி வளர்ந்தவள் நான், அந்தக் கேலி எனக்கு ரொம்பப் பிடிக்கும்.

---

பேரேடு

ஆச்சி, உங்கள் கேள்வி நியாயம். அந்த எட்டுத் தடை விஷயத்தில் அவரைக் காப்பாற்ற நான் வரமாட்டேன். அவருடைய அரசியலுக்கு ஒரு எல்லை இருந்தது. அரசாங்கத்தோடு பேசத் தெரிந்தவர், பக்கத்துச் சேரிக்காகப் பேசியவர் என்று சொல்ல என்னிடம் ஒன்றும் இல்லை. அந்தக் காலத்து மேல்சபைக்காரர்கள் பெரும்பாலும் அப்படித்தான். அதனால் சரி என்று ஆகிவிடாது.

ரஸ்தா, 17,000 பேர் விஷயமும் ஒப்புக்கொள்கிறேன். ஆனால் சின்னச் சபை என்பதால் அங்கே நடந்தது அரசியல் இல்லை என்று எப்படிச் சொல்வது? ஓட்டு கேட்காமல் அதிகாரத்தைப் பிடிக்கத் தெரிந்தவர் என்றுதானே நானும் சொல்கிறேன்.

---

ஊழியன் வாசகன்

கானாடுகாத்தானையே எடுத்துக்கொள்வோம். அதே ஊரில் வை.சு. சண்முகம் செட்டியார் இருந்தார். அவரும் வசதியான குடும்பம். 1919-ல் பாரதியார் செட்டிநாட்டுக்கு வந்தபோது ஆதரித்தவர். அப்புறம் பெரியார் பக்கம் போனார். காரைக்குடியில் இந்து மதாபிமான சங்கம் 1917-லேயே தொடங்கிவிட்டது. பாரதி அங்கே வந்து அதன்மேல் பாட்டே எழுதினார். இன்றைக்கு எல்லோரும் பார்க்கிற, கையில் கழியோடு நிற்கும் பாரதி படம் அந்தப் பயணத்தில் எடுத்ததுதான். சொ. முருகப்பா 'குமரன்' பத்திரிகை நடத்தினார், விதவை மறுமணம் செய்துகொண்டார். ராய. சொ. (சொக்கலிங்கம்) 'ஊழியன்' பத்திரிகை நடத்திக் காங்கிரஸில் நின்றார்.

ஆகவே செட்டிநாட்டு அரசியல் என்றால் அரண்மனை மட்டும் இல்லை. ஒரே தெருவில் ஒரு வீட்டு முகப்பில் கவர்னர் படம், இன்னொரு வீட்டு முகப்பில் பாரதி படம். கல்யாணம், கோயில் கணக்கு என்று வந்தால் இரண்டு வீட்டுக்காரரும் ஒரே பந்தியில் உட்கார்ந்தார்கள். புள்ளி வரி (கல்யாணமான குடும்பத்துக்கு இவ்வளவு என்கிற கோயில் வரி) எல்லாருக்கும் ஒன்றுதான்.

---

தேவகோட்டை ரஸ்தா

இதுதான் நான் கேட்டது. இந்தப் பேர்களுக்கெல்லாம் பள்ளிக்கூடப் புத்தகத்தில் ஒரு வரியாவது உண்டா?

---

பண்ணாராய்ச்சி

கொஞ்சம் தாமதமாக வருகிறேன். தமிழிசையை ஆரம்பத்திலேயே "தெரிந்த விஷயம்" என்று ஓரமாக வைத்துவிட்டீர்கள். என் பார்வையில் அவருடைய அரசியல் முழுசாகத் தெரிகிற இடம் அதுதான்.

1941-ல் அண்ணாமலை நகரில் மாநாடு. கச்சேரி மேடையில் தமிழ்ப் பாட்டுக்கு முதலிடம் வேண்டும், தெலுங்குக் கீர்த்தனையெல்லாம் முடிந்து கடைசியில் துக்கடாவாகப் பாடுவது போதாது என்று தீர்மானம். சென்னையில் மியூசிக் அகாடமி எதிர்த்தது. இசைக்கு மொழி பேதம் கிடையாது என்றார்கள். பத்திரிகைகளில் பெரிய சண்டை. அந்தச் சண்டையில் யார் யார் ஒரே பக்கம் நின்றார்கள் என்று பாருங்கள்: ராஜாஜி, கல்கி, டி.கே.சி. ஒருபுறம், பெரியார் ஒருபுறம், நடுவில் ஆங்கிலேய அரசிடம் பட்டம் வாங்கிய ராஜா சர். வேறு எந்த விஷயத்திலாவது இவர்கள் எல்லாரையும் ஒரே பக்கத்தில் சேர்க்க முடிந்திருக்குமா, அதுவும் அந்த வருஷங்களில்? 1937-38-ல் ஹிந்திக் கட்டாயப் பாடம் வந்தபோது ராஜாஜியும் பெரியாரும் நேர் எதிர். மூன்று நாலு வருஷத்தில் தமிழ்ப் பாட்டு என்று வந்ததும் இருவரும் ஆமாம் என்றார்கள்.

கூட்டத்தைத் தீர்மானத்தோடு கலைக்கவும் இல்லை. 1943-ல் சென்னையில் தமிழ் இசைச் சங்கம். தலைவராக ஆர்.கே. சண்முகம் செட்டியார் (கோயம்புத்தூர்க்காரர், நகரத்தார் இல்லை, பலர் குழப்பிக்கொள்கிறார்கள்). எதிர்த் தரப்புக்கு இருந்தது போலவே தமக்கும் ஒரு டிசம்பர் விழா, ஒரு மேடை, ஒரு பண் ஆராய்ச்சி. அவர் 1948 ஜூனில் காலமான பிறகு 1952-ல் ராஜா அண்ணாமலை மன்றம் வந்தது. இன்றைக்கும் பாரிமுனையில் நிற்கிறது. தேவாரப் பண்களுக்காக வருஷா வருஷம் ஓதுவார்களைக் கூட்டிப் பேச வைத்தது எவ்வளவு பெரிய வேலை என்று இசை படித்தவர்களுக்குத் தெரியும்.

---

கொத்தமங்கலத்தான்

பண்ணாராய்ச்சி ஐயா சொன்னதோடு ஒன்று சேர்க்கிறேன். தேவாரம் என்பது நகரத்தாருக்குப் புதுசு இல்லை. பர்மாப் பணத்தில் எத்தனை பாடல் பெற்ற தலங்களுக்குத் திருப்பணி நடந்தது! லாபத்தில் மகமை (தருமத்துக்கான பங்கு) எடுத்து வைக்கிற வழக்கம் இருந்ததால் கோயிலுக்கும் பாடசாலைக்கும் பணம் தன்னால் வந்தது. சிதம்பரம் கோயிலில் அந்தக் குடும்பத்துத் திருப்பணி உண்டு. ஆகவே பல்கலைக்கழகம் ஏன் காரைக்குடியில் வராமல் சிதம்பரத்தில் வந்தது என்று கேட்கிறவர்களுக்கு என் பதில் அதுதான்: ஏற்கெனவே கால் ஊன்றிய இடம். காரைக்குடிக்கு அந்தக் குறையை 1947-ல் கோட்டையூர் அழகப்பச் செட்டியார் வந்து தீர்த்தார்.

---

சிதம்பரத்தில் படித்தவன்

மகன் முத்தையாச் செட்டியாரைப் பற்றியும் யாராவது எழுதுங்களேன். அப்பாவைவிட அவர்தானே முழுநேர அரசியல்?

---

பேரேடு

எழுதுகிறேன். எம்.ஏ. முத்தையாச் செட்டியார், 1905-ல் பிறந்தவர். 1933-ல் சென்னை மாநகராட்சித் தலைவர் பதவி மேயர் பதவியாக மாறியபோது முதல் மேயர். 1936-ல் பொப்பிலி ராஜா மந்திரிசபையில் மந்திரி. 1937 தேர்தலில் நீதிக்கட்சி மண்ணைக் கவ்வியது, பொப்பிலி ராஜாவே வி.வி. கிரியிடம் தோற்றார். இவர் ஜெயித்து எதிர்க்கட்சித் தலைவர் ஆனார்.

அங்கேதான் வேடிக்கை. 1938-ல் ராஜாஜி மந்திரிசபை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம் கொண்டுவருகிறது. விவசாயியின் பழைய வட்டி பாக்கியைத் தள்ளுபடி செய்கிற சட்டம். எதிர்வரிசையில் தலைவராக உட்கார்ந்திருப்பவர் தமிழ்நாட்டின் பெரிய லேவாதேவிக் குடும்பங்களில் ஒன்றின் வாரிசு. கொத்தமங்கலத்தான் மேலே சொன்ன நாற்காலி விஷயம் இதுதான். நாற்காலி இருந்தது, கை தூக்க ஆள் இல்லை. பர்மாவிலும் அதே கதை. 1942 மார்ச்சில் ரங்கூன் ஜப்பான்காரன் கையில் விழுந்தது, ஏஜெண்டுகள் அரக்கான் வழியாகவும் மணிப்பூர் வழியாகவும் நடந்தே வந்தார்கள். 1948-ல் பர்மா சுதந்திரம் அடைந்த கையோடு நில தேசியமயச் சட்டம். அந்த 25 பங்கு நிலத்துக்கு பரம்பரைப் பட்டம் எதுவும் உதவவில்லை. சிதம்பரத்துப் பத்திரம் மட்டும் நின்றது.

---

தேவகோட்டை ரஸ்தா

அண்ணே, முத்தையாச் செட்டியார் கதையை 1938-லேயே நிறுத்திவிட்டீர்களே. 1957-ல் அவர் காரைக்குடித் தொகுதியில் காங்கிரஸ் வேட்பாளராக நின்று ஜெயித்தார். நீதிக்கட்சி எதிர்க்கட்சித் தலைவர், அதே காங்கிரஸில்! வயது வந்த எல்லாருக்கும் ஓட்டு இருந்த தேர்தல். நகரத்தார் சங்கத்துக்குத் தனித் தொகுதி கிடையாது. ஆச்சி சொன்ன அந்த எட்டுத் தடைக்காரர்களிடமும் ஓட்டுக் கேட்கணும், தடைக்கு ஆளானவர்களிடமும் கேட்கணும். நீங்கள் அப்பாவுக்குத் தேடுகிற அரசியல்வாதிப் பட்டத்தை நான் மகனுக்குக் கொடுக்கிறேன்.

அடுத்த தேர்தல், 1962-ல், தொகுதி சுதந்திராக் கட்சியின் சா. கணேசனுக்குப் போனது. காங்கிரஸ்காரராக இருந்து ஜெயிலுக்குப் போனவர், கம்பன் கழகத்தை 1939-ல் தொடங்கியவர். அவர் இப்போது ராஜாஜி கட்சி, காங்கிரஸுக்கு எதிர்ப்பக்கம். காரைக்குடிக்காரர்கள் யாராவது அந்த 1962 பிரசாரத்தை நேரில் பார்த்தவர்கள் வீட்டில் இருந்தால் கேட்டு எழுதுங்கள்.

---

ஆத்தங்குடி ஆச்சி

எங்கள் அப்பச்சி சா.கணேசனுக்கு ஓட்டுப் போட்டார், அப்பத்தா காங்கிரஸுக்கு. வீட்டில் ஒரு வாரம் பேச்சே இல்லை. மீதியைச் சின்னம்மாவிடம் கேட்டுவிட்டு எழுதுகிறேன்.